வங்கி நோட்டீஸ் வந்தால் என்ன செய்வது? கேள்வி பதில்

கேள்வி (ஈரோடு): வீட்டுக் கடனில் நான்கு தவணை நின்றுபோச்சு. சர்ஃபேசி சட்டம் 13(2)-ன்படி 60 நாள் கெடு வைத்து நோட்டீஸ் வந்திருக்கிறது. உடனே கோர்ட்டில் தடை வாங்கலாமா சார்?

பதில்: இந்தக் கட்டத்தில் பெரும்பாலும் கிடைக்காது. சர்ஃபேசி என்பது, கோர்ட்டுக்குப் போகாமலே அடமானச் சொத்தை எடுத்து விற்க வங்கிக்கு வழிவிடும் சட்டம். அதன் 34-ஆம் பிரிவு சிவில் கோர்ட்டுக்கு வழி அடைக்கிறது. கடன் மீட்புத் தீர்ப்பாயத்துக்குப் போக, வீட்டைச் சுவாதீனம் எடுப்பது போன்ற அடுத்த நடவடிக்கையை வங்கி எடுத்திருக்க வேண்டும். அதற்காக நோட்டீஸை பீரோவில் வைத்துப் பூட்டிவிடாதீர்கள், தயவுசெய்து. பலர் வீட்டை இழப்பது இந்த 60 நாளில்தான்.

முதலில் கணக்கு ஸ்டேட்மென்ட் வாங்குங்கள். கட்டிய ஒவ்வொரு தவணையும் வரவாகியிருக்கிறதா, அபராத வட்டி எவ்வளவு ஏறியிருக்கிறது, எந்தத் தேதியில் வாராக்கடன் ஆக்கினார்கள், அதற்கு முன் பாக்கி 90 நாளைத் தாண்டியிருந்ததா என்று வரிவரியாகப் பாருங்கள். தப்பு இருந்தால் தேதி, தொகையோடு ஆட்சேபணை எழுதி, கிளையில் கொடுத்து, நகலில் சீல் வாங்குங்கள். 15 நாளுக்குள் காரணம் சொல்லி வங்கி பதில் தந்தாக வேண்டும். 2004-ல் மார்டியா கெமிக்கல்ஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் வலியுறுத்திய பிறகு சட்டத்தில் சேர்ந்த உரிமை இது. பாக்கித் தொகையில் 75 சதவீதம் கட்டினால்தான் தீர்ப்பாயத்தில் முறையிடலாம் என்றிருந்த விதியையும் அதே தீர்ப்புதான் ரத்து செய்தது.

கேள்வி (திருமங்கலம்): வீட்டுக் கதவில் சுவாதீன அறிவிப்பு ஒட்டிவிட்டார்கள். பேப்பரிலும் வந்துவிட்டது. இனி வெளியேற வேண்டியதுதானா?

பதில்: இல்லை. காகித அளவில்தான் வீடு அவர்கள் கைக்குப் போயிருக்கிறது. நீங்களாக வெளியேறாவிட்டால், ஆளை இறக்கிப் பூட்டுப் போட, வங்கிகள் வழக்கமாக 14-ஆம் பிரிவில் மாவட்ட ஆட்சியரிடமோ தலைமை நீதித்துறை நடுவரிடமோ உத்தரவு வாங்கி வருவார்கள். அதற்குள் 17-ஆம் பிரிவில் மதுரை தீர்ப்பாயத்துக்குப் போங்கள். 45 நாள்தான் அவகாசம். தடை கிடைத்தாலும் ஒரு பகுதியைக் கட்டச் சொல்வார்கள். பணத்துக்கு இப்போதே ஏற்பாடு செய்யுங்கள்.

இன்னொன்று. முழுப் பாக்கியையும் கட்டி வீட்டை மீட்கும் உரிமை, ஏல அறிவிப்பு வெளியாகும்வரைதான். 2023-ல் பாஃப்னா மோட்டார்ஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் இதை உறுதியாகச் சொல்லிவிட்டது. ஏல நாள்வரை நேரம் இருக்கிறது என்று யாராவது சொன்னால் நம்பாதீர்கள்.

கேள்வி (பொள்ளாச்சி): அடமானம் வைத்தது தென்னந்தோப்பு. விவசாய நிலத்தைத் தொட முடியாது என்கிறார்களே?

பதில்: சர்ஃபேசியில் முடியாது, 31-ஆம் பிரிவு விலக்குத் தருகிறது. ஆனால் சிட்டாவில் புஞ்சை என்றிருந்தால் மட்டும் போதாது. அடமானம் வைத்தபோது அங்கே உண்மையில் விவசாயம் நடந்ததா என்று பார்ப்பார்கள். அடங்கல், மின் இணைப்பு ரசீது எல்லாம் எடுத்து வையுங்கள். அப்புறம், வங்கி வழக்குப் போட்டு வசூலிப்பதை இந்த விலக்கு தடுக்காது.

கேள்வி (தஞ்சாவூர்): நண்பனுக்கு ஜாமீன் கையெழுத்துப் போட்டேன். முதலில் அவனிடம்தானே கேட்க வேண்டும்?

பதில்: அப்படிக் கட்டாயம் இல்லை. ஒப்பந்தச் சட்டம் 128-ன்படி அவருக்குள்ள பொறுப்பு உங்களுக்கும் உண்டு. கட்ட நேர்ந்தால் ரசீதை வைத்துக்கொள்ளுங்கள். நண்பரிடம் வசூலிக்க உங்களுக்கு உரிமை இருக்கிறது.

கேள்வி (வேலூர்): லோக் அதாலத்தில் முடித்துக்கொள்ளலாம் என்று வங்கியே கூப்பிடுகிறது. போகலாமா அண்ணா?

பதில்: தாராளமாகப் போங்கள். வட்டியில் நல்ல தள்ளுபடி கிடைக்கும் இடம் அது. ஆனால் கையெழுத்தானால் அது கோர்ட் தீர்ப்புக்குச் சமம், அப்பீல் கிடையாது. தவணை தவறினால் தள்ளுபடி ரத்தாகுமா என்ற வரியைப் படித்துவிட்டுப் போடுங்கள்.