மூன்றாம் நாள் எடுத்த பீசீஆர்

கேள்வி (கொரோனாப் பரவல் காலத்தில் வந்தது): கொழும்பிலிருந்து வந்த மச்சானுக்கு மூன்றாம் நாள் பீசீஆர் (மூக்கில் குச்சி விட்டு எடுக்கும் கொரோனாப் பரிசோதனை) எடுத்து ‘நெகடிவ்’ என்றார்கள். ஆறாம் நாள் காய்ச்சல். திரும்ப எடுத்தால் ‘பொசிடிவ்’. பக்கத்து வீட்டு அக்காவுக்குச் சந்தையில் எடுத்த அன்டிஜன் (உடனே முடிவு காட்டும் பட்டைப் பரிசோதனை) ‘பொசிடிவ்’, பிறகு பீசீஆர் ‘நெகடிவ்’. ஆளுக்கொரு கதை சொல்லும் இந்தப் பரிசோதனையை நம்பிக் கடையைப் பூட்டச் சொல்கிறார்கள், ஒரு மீற்றர் தள்ளி நிற்கச் சொல்கிறார்கள். எதைத்தான் நம்புவது?
— ஒரு வாசகர், ஆரையம்பதி

பதில்: உங்கள் மச்சானின் முதல் பீசீஆரை எடுத்தவர்கள் பிழைவிட்டிருக்க வேண்டும் என்றில்லை. எடுத்த நாள்தான் பிரச்சினை. கிருமி உடம்புக்குள் போன அன்றே மூக்கில் நிறைந்துவிடாது. 2020இல் பரவிய கொரோனாவில் காய்ச்சல், இருமல் தெரியப் பொதுவாக ஐந்து நாள் சென்றது. சிலருக்குப் 14 நாள்வரை சென்றது. 2020இல் ஏழு ஆய்வுகளை ஒன்றுசேர்த்துப் போட்ட கணக்கு ஒன்று இருக்கிறது. தொற்றிய முதல் நாளில் பீசீஆர் யாரையும் பிடிப்பதில்லை. நாலாம் நாளில்கூடத் தொற்றுள்ள 100 பேரில் 67 பேருக்கு ‘நெகடிவ்’ வருகிறது. அறிகுறி தொடங்கும் அன்று 38 பேருக்கு. ஆகக் குறைவது எட்டாம் நாளில். அன்றும் 20 பேர் தப்பிவிடுகிறார்கள்.

மச்சான் பஸ் ஏறுவதற்கு முதல்நாள் தொற்றியிருந்தால், இங்கே மாதிரி எடுத்தபோது நாலு நாள்தான் ஆகியிருக்கும். ஆனால் அறிகுறி தெரிவதற்கு இரண்டு நாள் முன்பே ஒருவரிடமிருந்து மற்றவருக்குப் பரவத் தொடங்கிவிடும். ‘நெகடிவ்’ துண்டைக் கையில் வைத்துக்கொண்டு அந்த நாட்களில் அவர் எத்தனை வீட்டில் சோறு சாப்பிட்டார் என்று விசாரியுங்கள். தள்ளி நிற்கச் சொல்வது அந்த நாட்களுக்காகத்தான். பரிசோதனைக்குக் கண் தெரியாத நாட்களில் இடைவெளி காக்கும். பரிசோதனை பிழைக்கலாம் என்று நீங்கள் சொல்வது சரி. அதனால் இடைவெளி வேண்டாம் என்பது தலைகீழான முடிவு.

மாதிரி எடுக்கும் விதமும் முடிவை மாற்றும். குச்சி மேல்நோக்கிப் போகக்கூடாது. மூக்கின் அடித்தளத்தோடு, அண்ணத்துக்குச் சமாந்தரமாக, காதை நோக்கிப் போக வேண்டும். மூக்குத் துவாரத்துக்கும் காதுக்கும் இடையிலான தூரத்தில் ஏறக்குறையப் பாதி. அங்கே சில வினாடி வைத்துச் சுழற்றி எடுக்க வேண்டும். நோகிறது என்று தலையைப் பின்னுக்கு இழுத்தால் குச்சி வாசலிலேயே நின்றுவிடும், கிருமி அதில் ஒட்டாது. எடுத்த மாதிரியை 2 முதல் 8 பாகை செல்சியஸ் குளிரில் வைத்து 72 மணித்தியாலத்துக்குள் ஆய்வுகூடத்தில் சேர்க்க வேண்டும். எங்கள் வெயிலில் ஐஸ் பெட்டி இல்லாமல் கிடந்தால் கிருமியின் மரபுப்பொருள் சிதைந்து, இருந்த தொற்றும் தெரியாமல் போகும்.

அக்காவின் விடயம் வேறு. அன்டிஜன் கிருமியின் புரதத்தைத் தேடுவது. பீசீஆர் மரபுப்பொருளைப் பல மடங்காகப் பெருக்கிப் பார்ப்பது; ஆகவே மிகக் கொஞ்சமாக இருந்தாலும் கண்டுவிடும். உலக சுகாதார நிறுவனம் அன்டிஜனுக்கு வைத்த ஆகக் குறைந்த தரம், தொற்றுள்ளவர்களில் 80 வீதத்தைப் பிடிக்க வேண்டும், தொற்றில்லாதவர்களில் 97 வீதத்தைச் சரியாக விட வேண்டும் என்பது. இதைச் சந்தையில் வைத்துப் பாருங்கள். 1000 பேரில் 10 பேருக்குத் தொற்று என்றால் 8 பேர் பிடிபடுவார்கள். தொற்றில்லாத 990 பேரில் 3 வீதம், ஏறக்குறைய 30 பேர், வீணாகப் ‘பொசிடிவ்’ ஆவார்கள். தொற்று குறைந்த இடத்தில் கண்டபடி எடுத்தால் இப்படித்தான் வரும். அதற்காகத்தான் பிறகு பீசீஆர் எடுக்கிறார்கள். பட்டையைப் பெட்டியில் எழுதிய நேரத்துக்குள் பார்க்காமல் ஒரு மணித்தியாலம் கழித்துப் பார்த்தாலும் பொய்க்கோடு தெரியலாம். அக்காவுக்குக் காய்ச்சலோ மணம் தெரியாமையோ இருந்தால் மட்டும், ‘நெகடிவ்’ வந்தாலும் இன்னொரு முறை எடுக்கச் சொல்லுங்கள்.

இனி அந்த ஒரு மீற்றர். இதை மந்திரக்கோடு மாதிரி நினைப்பதுதான் பெரிய தவறு. கடை வாசலில் கீறிய வட்டத்துக்குள் ஒழுங்காக நின்றுவிட்டு, உள்ளே ஏசி போட்டுக் கதவைச் சாத்திய அறையில் பத்துப் பேர் நெரிந்தால் வெளியில் நின்றதற்குப் பலனில்லை. பெரிய துளிகள்தான் ஒரு மீற்றருக்குள் விழும். நுண்துளிகள் பூட்டிய அறையில் சாம்பிராணிப் புகை போல நின்று சுற்றும். எனவே தூரத்தோடு நேரத்தையும் காற்றையும் சேர்த்துப் பாருங்கள். மழைத்திரை இறக்கிய ஆட்டோவில் முக்கால் மணித்தியாலம் போவது, காற்றடிக்கும் கடற்கரை வாடியில் நின்று மீன் வாங்குவதைவிட ஆபத்து. மரண வீட்டில் ஆட்கள் உள்ளறையில் நெருங்கியிருந்து அழுவதும் அப்படித்தான். பந்தலை முற்றத்தில் போட்டு, நாலு பக்கமும் திறந்துவிடுங்கள்.

மச்சானோடு இருந்தவர்கள் முடிவு எதுவானாலும் 14 நாள் ஒதுங்கியே இருக்க வேண்டும் என்பது இந்தப் பரவல் காலத்து விதி. ஒரே அறை வீடென்றால் யன்னலைத் திறந்து, முகக்கவசத்தோடு இருங்கள். சாப்பாடு கட்டாயம் தனித்தனியாக, ஏனென்றால் அப்போதுதான் எல்லோரும் முகக்கவசத்தைக் கழற்றுகிறோம். பி.எச்.ஐ. (பொதுச் சுகாதாரப் பரிசோதகர்) கேட்கும்போது கடைசியாகச் சந்தித்த திகதியை மறைக்காமல் சொல்லுங்கள். கடை பூட்டுப்படும் என்று பயந்து திகதியை மாற்றிச் சொல்பவர்களை எனக்குத் தெரியும். நாட்கூலிக் குடும்பங்களின் பயம் நியாயமானது. ஆனால் திகதி பிழைத்தால் பரிசோதனை பிழையான நாளில் நடக்கும், அடுத்த வீட்டுக்கும் போகும், கடை இன்னும் நீண்ட நாள் பூட்டிக்கிடக்கும்.

சுகமாகி வந்தவரின் வீட்டுப் படலையைக் கண்டு ஒதுங்குவது வேறு சங்கதி, அதை உடனே நிறுத்துங்கள். இலேசான நோய் வந்தவர்களிடமிருந்து, அறிகுறி தொடங்கிப் பத்து நாள் சென்றபின் பொதுவாகப் பரவுவதில்லை. அதற்குப் பிறகும் கிழமைக்கணக்கில் பீசீஆர் ‘பொசிடிவ்’ காட்டலாம்; அது செத்த கிருமியின் மிச்சம். மச்சான் தனிமைப்படுத்தலை முடித்து வரும்போது அவரிடம் இன்னொரு ‘நெகடிவ்’ துண்டு கேட்காதீர்கள்.