யார் இயக்கியது?

கேள்வி: துருக்கி ராணுவ ஆட்சியின்போது யில்மாஸ் குனே இயக்கிய 'யோல்' படத்தில் தாரிக் அகான் நடித்தது துணிச்சலா, விளம்பர ஆசையா?
– ஒரு வாசகர், கும்பகோணம்

பதில்: 'இயக்கிய' என்று எழுதிவிட்டீர்கள், இனி நான் நகரமாட்டேன். படப்பிடிப்பு நடந்தபோது குனே சிறையில் இருந்தார். 1974இல் ஒரு நீதிபதியைச் சுட்டுக்கொன்ற வழக்கு. கலைக்காக உள்ளே போனதாக நோட்டீஸ் அடிக்கும் ஃபிலிம் சொசைட்டிகளோடு எனக்கு இது தீராத பஞ்சாயத்து. திரைக்கதையை விலாவாரியாக எழுதி வெளியே அனுப்பினார். முதலில் எர்டென் கிரால் எடுக்கத் தொடங்கினார். குனேவுக்குத் திருப்தியில்லை, ஆளை மாற்றிவிட்டார். கம்பிக்குள்ளிருந்தே டைரக்டரை வீட்டுக்கு அனுப்பிய தயாரிப்பாளர் வேறு யார்? அடுத்து வந்த ஷெரிஃப் கோரென்தான் பனியிலும் குளிரிலும் நின்று படத்தை எடுத்து முடித்தவர். அஞ்சல்வழிக் கல்வி கேள்விப்பட்டிருக்கிறோம், இது அஞ்சல்வழி டைரக்‌ஷன். உதவி இயக்குநருக்குச் சந்தேகம் வந்தால் மனுப் போட்டு, பார்வையாளர் நேரத்தில் போய், காவலர் காதுபடக் கேட்க வேண்டும்: "அண்ணே, குதிரை சாகிற இடத்தில் க்ளோஸ்-அப் உண்டா?" நம் மொழியில் 'இயக்கம்' என்றால் டைரக்‌ஷனும்தான், புரட்சிக் கூட்டமும்தான். தலைநகர் அங்காராவின் அதிகாரிகளுக்குத் தமிழ் தெரிந்திருந்தால் ஒரே சொல்லில் இரண்டு வழக்கு போட்டிருப்பார்கள்.

1981இல் குனே சிறையிலிருந்து தப்பி நாட்டைவிட்டு வெளியேறினார். நெகடிவும் ஸ்விட்சர்லாந்து போய்ச் சேர்ந்தது. அங்கே உட்கார்ந்து எடிட் செய்தார். 1982இல் கான் திரைப்பட விழாவின் உச்சப் பரிசான தங்கப்பனை, கோஸ்டா-காவ்ராஸ் என்ற இயக்குநரின் படத்தோடு பங்கு. துருக்கியிலோ 1999 வரை தடை. ஆக, எடுத்தது கோரென், வெட்டி ஒட்டியது குனே. இரண்டு பெயரையும் போடுங்கள், மை ஒன்றும் தீர்ந்துவிடாது.

அகானா? விளம்பரத்துக்கு அவர் எதற்கு அலைய வேண்டும்? பத்திரிகைப் போட்டியில் ஜெயித்து வந்த அழகன். 1975இல் 'ஹபாபம் சினிஃபி' என்ற பள்ளிக்கூடக் காமெடியிலேயே வீட்டுக்கு வீடு தெரிந்த முகம். அதே ரூட்டில் இன்னும் இருபது வருஷம் ஓட்டியிருக்கலாம். 1978இல் 'மாடென்' படத்தில் சுரங்கத் தொழிலாளி, 'சுரு'வில் மந்தையோடு அங்காரா போகும் இடையர் வீட்டுப் பிள்ளை. 'சுரு'வும் குனே சிறையிலிருந்து எழுதி அனுப்பியதே. எடுத்தவர் ஸெகி ஓக்டென். அக்காலத் துருக்கிப் படங்களை ஒலியில்லாமல் எடுத்துப் பிறகு டப்பிங் செய்வார்கள், நடிகருக்கு வேறொருவர் குரல் கொடுப்பதும் சகஜம். குரலை மாற்றலாம், டைட்டிலில் பெயரை அடித்துவிடலாம், படச்சுருள் டப்பாவைக் கடத்தலாம். 'யோல்' படத்தில் பனியில் மனைவியை இழுத்துக்கொண்டு போகும் அந்த முகத்தை என்ன செய்வது? முகத்துக்குச் சொந்தக்காரர் இஸ்தான்புல்லிலேயே குடியிருந்தார்.

ஜெர்மனியில் பேசிய ஒரு பேச்சுக்காக, ஊர் திரும்பியதும் பிடித்து இரண்டரை மாதம் போல உள்ளே வைத்தார்கள். அந்த அனுபவத்தைப் பிற்பாடு புத்தகமாக எழுதினார். தலைப்பு: 'அம்மா, என் தலையில் பேன்'. விளம்பர ஆசை பிடித்த அழகன் வைக்கிற தலைப்பா இது?