பதில்: ஒரே ‘கோவை’, ஆனால் ஒப்பிட்டால் பொருந்தவில்லை

இரண்டு கோப்புகளில் உள்ள ஊர்ப் பெயர்களை ஒப்பிட்டால் ‘கோவை’ மட்டும் பொருந்தவில்லை என்று கேட்டிருந்தீர்கள். உங்கள் பைத்தான் நிரலில் தவறில்லை. இரண்டு கோப்புகளிலும் ‘கோவை’ என்றுதான் தெரிகிறது, ஆனால் கணினி பார்ப்பது எண்களை மட்டும்தான். இரண்டுக்கும் லென் (சொல்லில் எத்தனை எண்கள் என்று சொல்லும் பைத்தான் கட்டளை) போட்டுப் பாருங்கள். ஒன்றில் 4, மற்றதில் 5 வரும் என்று நினைக்கிறேன்.

காரணம் அந்த ‘கோ’. எழுத்துகளுக்கும் குறிகளுக்கும் எண் கொடுக்கும் யூனிகோடு முறையில் ஓகாரக் குறிக்குத் தனி எண் உண்டு: 3019. அதையே இரட்டைக்கொம்பு 3015, கால் 3006 என்று இரண்டு எண்களாகவும் எழுதலாம். திரையில் துளி வித்தியாசம் தெரியாது. பழைய எழுத்துருவிலிருந்து மாற்றிய கோப்புகளில் இது சகஜம், நானும் ஒரு நாள் முழுக்க மண்டையை உடைத்துக்கொண்டிருக்கிறேன்.

ஒப்பிடும் முன் இரண்டு சொற்களையும் பைத்தானின் யூனிகோட்டேட்டா நூலகத்தில் உள்ள நார்மலைஸ் கட்டளை வழியாக, பிரிந்த குறிகளை ஒன்றுசேர்க்கும் என்எஃப்சி வடிவத்துக்கு மாற்றிவிடுங்கள். பிரிந்து கிடப்பது 3019 ஆகிவிடும்.

அப்புறம், உங்கள் கோப்புகளில் ஔவையார் தெரு மாதிரி பெயர் இருந்தால் கவனம். ‘ஔ’வுக்குப் பதில் ஒகரத்தையும் ளகரத்தையும் சேர்த்து அடித்திருப்பார்கள். அதை என்எஃப்சி தொடாது. மொத்தமாக மாற்றவும் முடியாது, ‘ஒளி’ கெட்டுப்போகும். ‘ஒளவை’ என்ற சொல்லை மட்டும் தேடி மாற்றுங்கள்.