ஆளுக்கு ஒருவராக

அன்புள்ள ஐயா,

அப்பாவுக்கு 84 வயது, அம்மாவுக்கு 79. அம்மாவுக்கு இதயம் ரொம்பப் பலவீனமாகிவிட்டது. ஊரில் தனியாக விட முடியாது என்று அப்பாவை அண்ணன் கோவைக்கும் அம்மாவை நான் சென்னைக்கும் அழைத்து வந்துவிட்டோம். விடிந்தால் சண்டைதான் போடுவார்கள், பிரிந்திருந்தால் நிம்மதி என்று நினைத்தோம். இப்போது அப்பா சரியாகச் சாப்பிடுவதில்லையாம். நாங்கள் செய்தது தவறா?

(பெயர் வேண்டாமே)

அன்புள்ள நண்பருக்கு,

தவறுதான். நல்ல எண்ணத்தில் செய்த தவறு.

அவர்கள் எதற்காகச் சண்டை போட்டார்கள் என்று நினைத்துப் பாருங்கள். மாத்திரை போட்டாயா, இந்த வெயிலில் எங்கே போனீர்கள், ஊறுகாயை எடுத்து உள்ளே வை. இதுதானே?

காந்தியும் கஸ்தூர்பாவும் சண்டை போட்டவர்கள்தான். 1898இல் டர்பனில், கோபத்தில் மனைவியின் கையைப் பிடித்து வாசல் கதவு வரை இழுத்துப்போய் வெளியே தள்ளப் பார்த்ததைக் காந்தியே எழுதியிருக்கிறார். அதே மனிதர் புனே ஆகா கான் மாளிகையில் காவலில் இருந்தபோது, எழுபது தாண்டிய கஸ்தூர்பாவுக்குப் பூகோளப் பாடம் நடத்தினார். பஞ்சாபின் ஆறுகள் அவருக்கு மனதில் நிற்கவே இல்லை. பக்கத்தில் உட்கார ஒரு சாக்கு என்றுதான் எனக்குத் தோன்றுகிறது. 1944 பிப்ரவரி 22 அன்று கஸ்தூர்பாவின் உயிர் கணவர் மடியில் பிரிந்தது. சிதை எரிந்து முடியும்வரை காந்தி அந்த இடத்தை விட்டு நகரவில்லை. ஓய்வெடுக்கச் சொன்னவர்களிடம், 62 வருடம் கூட வாழ்ந்தவளை இப்போது எப்படி விட்டுப் போவது என்று கேட்டார்.

என் அப்பாவைப் பற்றியும் சொல்ல வேண்டும். அம்மாவின் கடைசி வருடத்தில், கட்டிலுக்குக் கீழே பாய் விரித்துப் படுப்பார். அம்மாவின் முந்தானை நுனியைத் தன் மணிக்கட்டில் ஒரு சுற்றுச் சுற்றிக்கொள்வார். காது மந்தம். ராத்திரி அம்மா எழுந்தால் தெரிய வேண்டுமே. அம்மா போன பிறகும் பல மாதம் இரண்டு மணிக்கு எழுந்து உட்கார்ந்து, இருட்டில் மணிக்கட்டைத் தடவிக்கொண்டிருப்பார். அப்புறம் விடியும்வரை தூக்கம் கிடையாது.

அண்ணனிடம் இன்றே பேசுங்கள். சென்னையோ கோவையோ, இருவரும் ஒரே வீட்டில் இருக்கட்டும். செலவையும் வேலையையும் நீங்கள் இருவரும் பங்குபோட்டுக்கொள்ளுங்கள். இப்போதைக்கு அம்மா பயணம் செய்யலாமா என்று மருத்துவரைக் கேளுங்கள். கூடாதென்றால் அப்பாதான் வர வேண்டும். சின்ன அறையானாலும் பரவாயில்லை, கட்டில் இரண்டையும் ஒட்டிப் போடுங்கள்.