தேர்வு முடிந்த பிறகு கட் ஆஃப் வைத்தால் செல்லுமா?

கேள்வி: எழுத்துத் தேர்வு, நேர்காணல் எல்லாம் முடிந்த பிறகு, 'குறைந்தது இத்தனை விழுக்காடு வேண்டும்' என்று புதிதாக ஒரு வரம்பு வைத்து என்னைக் கழித்துவிட்டார்கள். வழக்குப் போட்டால் நிற்குமா?

அறிவிக்கையில் அந்த வரம்பு இல்லை, விதியிலும் அதற்கு இடம் இல்லை என்றால் நிற்கும். கிட்டத்தட்ட உங்கள் கதைதான் 2009-இல் ராஜஸ்தான் உயர் நீதிமன்றத்தின் மொழிபெயர்ப்பாளர் வேலைக்கும் நடந்தது. 13 இடம், தேர்வு எழுதியவர்கள் 21 பேர். எழுதி முடித்த பிறகு 75 விழுக்காடு என்று கோடு போட்டார்கள். தேறியது 3 பேர். தேஜ் பிரகாஷ் பாதக் வழக்கு என்பார்கள். 7.11.2024 அன்று உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் அமர்வு, ஆட்டம் தொடங்கிய பின் விதியை மாற்றக் கூடாது என்றது. விதியோ அறிவிக்கையோ இடம் கொடுத்தால் மாற்றலாம், அப்போதும் அது எல்லோரையும் சமமாக நடத்தச் சொல்லும் அரசியல் சட்டப் பிரிவு 14-இன் சோதனையில் நிற்க வேண்டும். அதே தீர்ப்பு, பட்டியலில் பெயர் வந்ததாலேயே வேலை உரிமை ஆகிவிடாது என்றும் சொல்கிறது. அதையும் படித்துவிட்டு வக்கீலைப் பாருங்கள்.

நான் வக்கீல் இல்லை. கணக்கு டியூஷன் எடுப்பவள். இதெல்லாம் எப்படித் தெரியும் என்றால், பட்டுத் தெரிந்தது.

2013 ஆகஸ்டில் டெட் என்னும் ஆசிரியர் தகுதித் தேர்வின் இரண்டாம் தாள் எழுதினேன். 150-க்கு 104. பாஸ் மார்க் 90. வேலை கிடைத்த மாதிரிதான் என்று வீட்டில் கேசரி கிண்டினார்கள். அப்புறம்தான் வெயிட்டேஜ்: டெட் மார்க்கோடு பழைய படிப்பு மார்க்குகளையும் சேர்த்து நூற்றுக்குக் கணக்குப் போட்டு ஆள் எடுக்கும் முறை. முதலில் இருந்த முறையில் 90 எடுத்தவருக்கும் 104 எடுத்தவருக்கும் ஒரே மதிப்பு. அதை சென்னை உயர் நீதிமன்றம் 2014-இல் ரத்து செய்தது. மே மாதக் கடைசியில் அரசாணை 71 வந்தது: பிளஸ் டூவுக்கு 10, டிகிரிக்கு 15, பி.எட்.டுக்கு 15, டெட்டுக்கு 60.

ஹால் டிக்கெட்டின் பின்பக்கம் பென்சிலால் போட்டுப் பார்த்தேன். 1993-இல் முடித்த பிளஸ் டூ, 1200-க்கு 702: அதாவது 5.85. டிகிரி 8.1. பி.எட். 10.2. டெட் 41.6. மொத்தம் 65.75. என்னிடம் பத்தாம் வகுப்பு வரை டியூஷன் படித்த பெண் டெட்டில் 91 எடுத்திருந்தாள். பிளஸ் டூவில் 1044, டிகிரியில் 80 விழுக்காடு, பி.எட்.டில் 84. அவளுக்கு 69.7. அவளுக்கு வேலை, எனக்கு இல்லை. முதல் சம்பளத்தில் எனக்குப் புடவை எடுத்துக்கொண்டு வந்தாள். நல்ல பெண். அவள் மேல் எனக்கு ஒரு குறையும் இல்லை. ஆனால் எங்கள் காலத்தில் 702 என்றால் தெருவே வந்து பாராட்டும். எந்த வருஷத்து மார்க்‌ஷீட் என்று யாருமே கேட்கவில்லையே என்பதுதான் என் ஆதங்கம்.

உடனே கீழே வந்து 'இட ஒதுக்கீட்டை எதிர்க்கிறாயா' என்று எழுதாதீர்கள். நானே எம்.பி.சி.தான். 2014 பிப்ரவரியில், தேர்வு முடிந்து ஆறு மாதம் கழித்து, இடஒதுக்கீட்டுப் பிரிவினருக்குப் பாஸ் மார்க்கை 82 ஆக்கினார்கள். ஆட்டம் முடிந்த பின் மாற்றம்தான், ஆனாலும் நான் அதை எதிர்க்கவில்லை. உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை அந்தத் தளர்வை ரத்து செய்தது, சென்னை அமர்வு சரி என்றது. 2016 நவம்பரில் உச்ச நீதிமன்றம் தளர்வு, வெயிட்டேஜ் இரண்டுமே செல்லும் என்றது. அதனால் 'பிறகு மாற்றினார்கள்' என்ற ஒரு வரியை மட்டும் நம்பிக் கோர்ட்டுக்குப் போகாதீர்கள். எதை மாற்றினார்கள், எந்த அதிகாரத்தில் மாற்றினார்கள் என்று பார்ப்பார்கள். எல்லாவற்றிலும் கலந்துகொண்டு, தோற்ற பிறகு ஏன் வருகிறாய் என்றும் கேட்பார்கள். வரம்பு உங்களுக்கு என்றைக்குத் தெரிந்தது என்பதற்குக் காகிதம் வைத்துக்கொள்ளுங்கள்.

2018-இல் வெயிட்டேஜையே எடுத்துவிட்டுத் தனிப் போட்டித் தேர்வு என்றார்கள். வெயிட்டேஜ் அவ்வளவு நியாயம் என்றால் ஏன் எடுத்தார்கள்? சரி, விடுங்கள்.

கேள்விக்குச் சம்பந்தம் இல்லாத ஒன்றையும் சொல்லிவிடுகிறேன். நான் படித்த கோச்சிங் சென்டர்காரர், என்னைக் கேட்காமலே '104! எங்கள் சாதனையாளர்' என்று என் படத்தைப் போட்டு பஸ் ஸ்டாண்டு எதிரில் ஃப்ளெக்ஸ் வைத்தார். வேலை வரவில்லை, படத்தை எடுங்கள் என்று இரண்டு முறை போய்ச் சொன்னேன். 'மார்க் உண்மைதானேம்மா' என்றார். அடுத்த பேட்ச்சுக்கு ஃபீஸையும் ஏற்றினார். பிறகு அந்த ஃப்ளெக்ஸைத் தெருமுனை டீக்கடைக்காரர் வாங்கி வெயிலுக்குக் கட்டினார். என் முகம் உள்பக்கமாக இருந்தது. ஒரு வருஷம் அந்தப் பக்கம் டீ குடிக்கப் போகவில்லை.