ஜிஎஸ்டி ஆர்டர் வந்ததும் நேரே ஹைகோர்ட் போகலாமா?

கேள்வி: மேல்முறையீடு என்றால் 10% கட்ட வேண்டுமாம். அதைக் கட்டாமல் ரிட் (ஹைகோர்ட்டில் நேரடியாகப் போடும் மனு) போட முடியாதா?

போடலாம். ஆனால் பெரும்பாலும் “மேல்முறையீட்டுக்குப் போங்கள்” என்று தள்ளுபடி ஆகிவிடும். அரசியல் சாசனத்தின் 226-வது பிரிவு உயர் நீதிமன்றத்துக்குத் தரும் அதிகாரத்துக்குத் தடை எதுவும் இல்லை. சட்டமே ஒரு வழி வைத்திருக்கும்போது நீதிமன்றம் தனக்குத் தானே போட்டுக்கொண்ட கட்டுப்பாடு இது. விலக்குகளை உச்ச நீதிமன்றம் 1998-ல் வேர்ல்பூல் வழக்கில் சொல்லிவிட்டது: அடிப்படை உரிமை மீறல், இயற்கை நீதி மீறல் (உங்கள் தரப்பைக் கேட்காமலே முடிவு செய்வது), அதிகார வரம்பே இல்லாத ஆணை, சட்டம் செல்லுமா என்ற கேள்வி. உள்ளீட்டு வரி வரவு (வாங்கியபோது கட்டிய வரியைக் கழித்துக்கொள்வது) மறுப்பு, கணக்கு வித்தியாசம் போன்றவை இதற்குள் வராது.

வரி கேட்கும் ஆணையில் அந்த 10%-ம் தகராறில் உள்ள வரிக்கு மட்டும்தான். வரி 8 லட்சம், வட்டியும் அபராதமும் 4 லட்சம் என்றால் கட்ட வேண்டியது 80,000 ரூபாய். (நீங்களே ஒப்புக்கொள்ளும் தொகை இருந்தால் அதை முழுசாகக் கட்ட வேண்டும்.) கட்டி ஏபிஎல்-01 என்ற மேல்முறையீட்டுப் படிவத்தைத் தாக்கல் செய்தால், ஜிஎஸ்டி சட்டத்தின் 107(7)-ன்படி மீதி வசூல் தானாக நிற்கும். ரிட்டில் இடைக்காலத் தடையைத் தனியாகக் கேட்டு வாங்க வேண்டும்.

கேள்வி: நோட்டீஸையே பார்க்கவில்லை. போர்ட்டலில் ‘கூடுதல் நோட்டீஸ்கள்’ பகுதியில் போட்டிருக்கிறார்கள்.

இது ரிட்டுக்கு இடமுள்ள விஷயம். சென்னை உயர் நீதிமன்றம் இப்படிப்பட்ட பல வழக்குகளில் ஆணையை ரத்து செய்து மறு விசாரணைக்கு அனுப்பியிருக்கிறது. பெரும்பாலும் வரியில் 10% அல்லது 25% கட்டும் நிபந்தனையோடு. ஆகவே பணத்தை மிச்சம் பிடிக்க ரிட் என்ற கணக்கு பலிக்காது. 75(4)-ன்படி நேரடி விசாரணைக்கு வாய்ப்புத் தந்தார்களா என்று முதலில் பாருங்கள். தரவில்லை என்றால் உங்கள் மனுவின் பலமே அதுதான்.

கேள்வி: ஐந்து மாதம் ஆகிவிட்டது. இப்போது ரிட்?

மிகவும் கஷ்டம். மேல்முறையீட்டுக்குக் கெடு, ஆணை கிடைத்த நாளிலிருந்து 3 மாதம். தக்க காரணம் காட்டினால் இன்னும் ஒரு மாதம். அதற்கு மேல் மன்னிக்க மேல்முறையீட்டு அதிகாரிக்கு அதிகாரமே கிடையாது. கெடுவைத் தவறவிட்டவர் அதை ரிட்டில் ஈடுகட்ட முடியாது என்று 2020-ல் கிளாக்ஸோ வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது. பலரை வீழ்த்துவது, ஆணையிலுள்ள பிழையைத் திருத்தக் கேட்டு 161-ன் கீழ் போடும் திருத்த மனு. அதைப் போட்டதால் கெடு நின்றுவிட்டது என்று நம்பி இருந்துவிடாதீர்கள். கூடவே மேல்முறையீட்டையும் போட்டுவிடுங்கள்.

கேள்வி: ரிட் தள்ளுபடியானால் அதில் போன காலம்?

தவறான மன்றத்தில் நல்லெண்ணத்தோடு செலவான காலத்தைக் கழிக்கும் கொள்கை உண்டு; 2015-ல் எம்.பி. ஸ்டீல் வழக்கில் உச்ச நீதிமன்றம் அதை ஏற்றது. அதை மட்டும் நம்பாமல், தள்ளுபடி ஆணையிலேயே மேல்முறையீட்டுக்கு அனுமதியும் கால விலக்கும் எழுதித் தரச் சொல்லி வக்கீலைக் கேட்க வையுங்கள்.

கேள்வி: ஜிஎஸ்டி இல்லாமல், கடனுக்காக வங்கி வீட்டைக் கையகப்படுத்தினால் ரிட் போடலாமா?

அங்கேயும் சட்டமே ஒரு வழி வைத்திருக்கிறது: வங்கிக் கடன் வசூலுக்கான சர்ஃபேசி சட்டத்தின் 17-வது பிரிவில் 45 நாளுக்குள் கடன் வசூல் தீர்ப்பாயத்துக்குப் போக வேண்டும். இங்கே முன்பணம் கட்டத் தேவையில்லை. அடுத்த மேல்முறையீட்டுக்குத்தான் கடன் பாக்கியில் 50%. அதையும் மேல்முறையீட்டுத் தீர்ப்பாயம் 25% வரை குறைக்கலாம்.