முகம் காட்டி விழுந்தவர்: வாசகர் கேள்வி பதில்

கேள்வி (துபாயிலிருந்து ஒரு வாசகர்): எங்கள் அறையில் பிலிப்பைன்ஸ் நாட்டு நண்பர்கள் இருவர் தங்கியிருக்கிறார்கள். இரவு வேலை முடிந்து வந்ததும் கைபேசியில் ஒரு தொடர் பார்ப்பார்கள். அதில் ஒரு பெரியவர் துப்பாக்கியோடு வந்து நின்றால் போதும், படுத்திருப்பவர்கள் எழுந்து உட்கார்ந்துவிடுகிறார்கள். அவர் செனட்டராகவும் இருக்கிறார் என்றும், ஒரு காலத்தில் டூப் போட்டுக்கொண்டிருந்தவர் என்றும் சொல்கிறார்கள். யார் அவர்?

பதில்: உங்கள் நண்பர்கள் சொன்னது அத்தனையும் உண்மை. அவர் லிட்டோ லாப்பிட். இயற்பெயர் மானுவல் மெர்காடோ லாப்பிட். லூசோன் தீவின் பம்பாங்கா மாகாணத்தில் போராக் என்னும் ஊரில் 1955 அக்டோபர் 25 அன்று பிறந்தவர். நீங்கள் பார்த்தது 2023இல் தொடங்கிய ‘பாத்தாங் கியாப்போ’ தொடராக இருக்கலாம். அதில் அவர் பிரிமோ என்ற பாத்திரத்தில் வருகிறார். அதற்கு முன் ‘ஆங் புரொபின்சியானோ’ தொடரில் அவரைப் ‘பினுனோ’ என்று அழைத்தார்கள். தகாலோக் மொழியில் அதற்குத் தலைவன் என்று பொருள்.

அந்தக் குடும்பத்துக்குச் சினிமா புதிதல்ல. குடும்பத்தில் மூத்தவரான ஜெஸ் லாப்பிட் 1960களில் ஆக்‌ஷன் நாயகனாக இருந்து, 1968இல் சுட்டுக் கொல்லப்பட்டவர். அந்தப் பெயர் இருந்தும் லிட்டோ நேராக நாயகனாகிவிடவில்லை. 1970களின் தொடக்கத்தில் ஸ்டண்ட் நடிகராகத்தான் உள்ளே நுழைந்தார். ஸ்டண்ட் நடிகரின் வேலை எந்த நாட்டிலும் ஏறக்குறைய ஒன்றுதான். காலையில் வாசற்படியில் குண்டடிபட்டு விழுந்தவர், மதியம் வேறு சட்டையைப் போட்டுக்கொண்டு குதிரையிலிருந்து விழுவார். தாடையை மார்போடு ஒட்டிக்கொள்ள வேண்டும், விழும் நொடியில் மூச்சை வெளியே விட்டுவிட வேண்டும், மணிக்கட்டை ஊன்றாமல் முன்கையையும் தோளின் பின்பக்கத்தையும் தரையில் பரவவிட்டு உருள வேண்டும். இவ்வளவையும் செய்த பிறகு முகத்தைக் கேமராவுக்குக் காட்டாமல் எழுந்து போய்விட வேண்டும். முகம் தெரிந்துவிட்டால் அந்தக் காட்சி வீண்.

லாப்பிட்டின் கதையில் என்னை ஈர்த்த இடம் இதுதான். நாயகனுக்கு டூப் போடும்போது இயக்குநர் காட்சியை வெட்டியாக வேண்டும்: நாயகன் ஓடுவது ஒரு ஷாட், டூப் குதிப்பது தொலைவிலிருந்து இன்னொரு ஷாட், நாயகன் எழுந்து தூசி தட்டுவது மூன்றாவது ஷாட். விழத் தெரிந்தவனே நாயகனாகிவிட்டால் இந்த ஒட்டுவேலை எதுவும் தேவையில்லை. கேமரா அவன் முகத்தைப் பிடித்தபடியே கூடவே போகலாம். அது நிஜமான மனிதன், நிஜமான தரை என்பதைக் கொட்டகையில் முன்வரிசையில் உட்கார்ந்திருப்பவன் நொடியில் கண்டுகொள்வான். லாப்பிட்டுக்குக் கிடைத்த விசுவாசம் இந்த நம்பிக்கையிலிருந்து வந்தது என்பது என் கருத்து.

1978இல் ஜெஸ் லாப்பிட்டின் வாழ்க்கை படமானபோது அவராக நடித்தவர் லிட்டோதான். பூட்சும் தொப்பியும் குதிரையுமாக அவர் ஏற்ற லியோன் குவெரெரோ என்ற வீரன் வேடம் பெயரோடு ஒட்டிக்கொண்டது; இன்றும் பலர் அவரை அந்தப் பெயரால்தான் நினைவுகூர்கிறார்கள். 1980இல் மாரியோ ஒஹாரா இயக்கிய ‘கஸ்தில்யோங் புஹாங்கின்’ படத்தில், பிலிப்பைன்ஸின் மிகப் பெரிய நடிகையருள் ஒருவரான நோரா அவுனோரோடு இணைந்து நடித்தார். அந்தத் தலைப்புக்கு மணல் கோட்டை என்று பொருள். பின்னாளில் அவர் வாழ்க்கையை மணல்தான் ஆட்டிப்படைக்கப்போகிறது என்று அப்போது யாருக்குத் தெரியும்?

கேள்வி (திருச்சியிலிருந்து ஒரு வாசகர்): ஸ்டண்ட் நடிகராக இருந்து நாயகனாவது அங்கே வழக்கமா, இவர் மட்டும்தானா?

பதில்: இவர் மட்டும் அல்லர். பிலிப்பைன்ஸ் சினிமாவின் அரசர் என்ற பொருளில் ‘தா கிங்’ என்று மக்கள் கொண்டாடிய பெர்னாண்டோ போ ஜூனியரே அந்த வாசல் வழியாக வந்தவர்தான். அவருடைய தந்தையும் புகழ்பெற்ற நடிகர். 1951இல் வெறிநாய்க்கடி நோயால் இறந்துபோனார். குடும்பம் தள்ளாடியது. 1939இல் பிறந்த அந்தச் சிறுவன் படிப்பை விட்டுவிட்டு, ஒரு படக் கம்பெனியில் எடுபிடியாகவும் ஸ்டண்ட் நடிகராகவும் வேலைக்குச் சேர்ந்தான். 1955இல் ‘அனாக் நி பாலாரிஸ்’ படத்தில் நாயகனானபோது அவனுக்கு இன்னும் மீசைகூட அரும்பியிருக்காது. 1957இல் வந்த ‘லோ வெய்ஸ்ட் கேங்’ படம் அவரை நட்சத்திரமாக்கியது. பிறகு சொந்தமாகப் படக் கம்பெனி தொடங்கி, ரொன்வால்டோ ரெயெஸ் என்ற பெயரில் இயக்கவும் செய்தார். எதிராளியின் விலாவில் இரண்டு கைகளாலும் சரமாரியாக இறங்கும் அவருடைய குத்துகளை அந்நாட்டுச் சிறுவர்கள் தெருவில் ஒருவர்மேல் ஒருவர் போட்டுப் பார்த்து வளர்ந்தார்கள்.

தாந்தே வரோனாவையும் சொல்லாமல் இருக்க முடியாது. சாமார், லெய்தே தீவுகளை இணைக்கும் சான் ஹுவானிக்கோ பாலம் 2 கிலோமீட்டருக்கும் மேல் நீளமானது, 1973இல் திறக்கப்பட்டது. 1981இல் வந்த ‘ஹாரி ங் ஸ்டண்ட்’ படத்துக்காக அந்தப் பாலத்தின் மேலிருந்து கீழே கடல்நீரில் அவரே குதித்தார். படத்தின் பெயருக்கு ஸ்டண்ட் அரசன் என்று பொருள். அந்த ஒரு குதிதான் அவருடைய பெயரை இன்றுவரை தாங்கிக்கொண்டிருக்கிறது.

கேள்வி (சேலத்திலிருந்து ஒரு வாசகி): சண்டை நடிகரான லாப்பிட் பம்பாங்கா மாகாணத்தையே ஆண்டார் என்கிறார்கள். ஆளுநராக என்ன சாதித்தார்?

பதில்: இதற்கு ஒரு எரிமலையிலிருந்து தொடங்க வேண்டும்.

1991 ஜூன் 15 அன்று பினாட்டுபோ எரிமலை வெடித்தது. இருபதாம் நூற்றாண்டின் மிகப் பெரிய வெடிப்புகளில் அது இரண்டாவது. அதே நாளில் புயலும் வந்ததால், விழுந்த சாம்பல் மழையில் நனைந்து கனத்து, வீடுகளின் கூரைகளை அப்படியே கீழே இறக்கிவிட்டது. ஆனால் பம்பாங்கா மக்களை அதன் பிறகும் ஆண்டுக்கணக்கில் அழவைத்தது லஹார். மலைச்சரிவில் தங்கிவிட்ட மணலும் சாம்பலும் ஒவ்வொரு மழைக்காலத்திலும் சேறாகக் குழைந்து, ஆற்றுப் படுகைகளை நிரப்பி ஊர்களுக்குள் புகுந்துவிடும். லாப்பிட் பிறந்த போராக்கும் தப்பவில்லை.

1992இல் துணை ஆளுநரான லாப்பிட், 1995இல் ஆளுநராகத் தேர்ந்தெடுக்கப்பட்டார். பதவியேற்ற மூன்றே மாதத்தில், அக்டோபர் 1 அன்று, பெருமழையில் பெருக்கெடுத்த லஹார் பகோலோர் என்ற ஊரின் கபலந்தியான் குடியிருப்பை மூடிப் பலரைப் பலிகொண்டது. அந்த ஊரின் புனித கில்லெர்மோ தேவாலயத்தின் படத்தைத் தேடிப் பாருங்கள். பாதிக் கட்டடம் மண்ணுக்குள் இருக்கிறது. ஒரு காலத்தில் தலைக்கு மேலே இருந்த சன்னல்கள் இன்று வாசல்களாகப் பயன்படுகின்றன. புதைந்துபோன பலிபீடத்தை ஊர் மக்கள் தோண்டியெடுத்து, கூரையோடு பொருந்துமாறு திரும்ப நிறுவி வழிபட்டு வருகிறார்கள். அந்த மக்களுக்குத் துயரம் வந்த நாட்களில், தங்களில் ஒருவர் என்று அவர்கள் நம்பிய முகம் ஆளுநர் நாற்காலியில் இருந்தது. அது சிறிய ஆறுதல் அல்ல.

பிறகுதான் மணலுக்கு விலை வந்தது. பினாட்டுபோ கொட்டிய மணல் கட்டட வேலைக்கு ஏற்றது. மணிலாவோ பெரிய பெரிய கட்டடங்களை எழுப்பிக்கொண்டிருந்தது. ஊர்களைப் புதைத்த அதே மண்ணை லாரிகள் அள்ளிக்கொண்டு போயின. ஒவ்வொரு லாரிக்கும் மாகாணம் கட்டணம் வாங்கியது. இந்தக் கட்டணத்தை முறையின்றி வசூலித்ததாகக் குற்றச்சாட்டு எழுந்து, 1999இல் ஊழல் விசாரணை ஆணையம் லாப்பிட்டை ஓராண்டுக்கு இடைநீக்கம் செய்தது. மேல்முறையீடு நிலுவையில் இருக்கும்போது அந்தத் தண்டனையை நிறைவேற்ற முடியாது என்று 2000இல் உச்ச நீதிமன்றம் சொல்லி, அவரை மீண்டும் பதவியில் அமர்த்தியது. மூன்று முறை வென்று 2004வரை ஆண்ட அவருக்குப் பின் மகன் மார்க் ஆளுநரானார். 2007 தேர்தலில் எட்டி பன்லிலியோ என்ற பாதிரியார் மார்க்கைத் தோற்கடித்தார். அவர் வந்ததும் மணல் வருவாய் நாளொன்றுக்கு ஏறத்தாழ 10 லட்சம் பெசோவாக உயர்ந்தது. அதற்கு முன் வந்துகொண்டிருந்த தொகையோடு ஒப்பிட முடியாத அளவு அது.

அந்த வேறுபாடு எங்கே போனது என்று நீதிமன்றம் சொல்லாத தீர்ப்பை நான் சொல்ல மாட்டேன். ஆனால் வெள்ளித்திரையில் முகத்தை மறைக்காமல் விழுந்தவரிடம், இந்தக் கணக்கையும் அவ்வாறே மறைவின்றிக் காட்டும்படி கேட்க அந்த மாகாணத்து மக்களுக்கு முழு உரிமை உண்டு. புதைந்தது அவர்களுடைய நிலம்.

கேள்வி (யாழ்ப்பாணத்திலிருந்து ஒரு வாசகி): செனட்டில் அவருக்கு ஆங்கிலம் பேச வராது என்று கேலி செய்கிறார்களாமே? படிப்பில்லாதவர் சட்டம் இயற்றலாமா?

பதில்: கேலி உண்டு; பெரிய கல்லூரிகளில் படித்த வழக்கறிஞர்கள் நிறைந்த அவையில் அவர் விவாதங்களில் பெரும்பாலும் அமைதியாக இருந்ததும் உண்மை. ஆனால் 2010இல் நிறைவேறிய இலவச சட்ட உதவிச் சட்டத்தைப் பாருங்கள். ஏழைகளுக்குக் கட்டணமின்றி வழக்காடும் வழக்கறிஞர், அந்த உழைப்பின் மதிப்பைத் தம் தொழில் வருமானத்தில் 10 விழுக்காடு வரை வரிக் கணக்கில் கழித்துக்கொள்ள அது வழிசெய்தது. அதைக் கொண்டுவந்ததில் முதன்மைப் பங்கு லாப்பிட்டுடையது. வழக்கறிஞருக்குக் கொடுக்கப் பணமில்லாதவனின் நிலை என்ன என்று யோசிக்க ஆங்கிலம் வேண்டியதில்லை.

2012 மே மாதம் தலைமை நீதிபதி ரெனாட்டோ கொரோனாவின் பதவிநீக்க விசாரணையில் செனட்டர்கள் ஒவ்வொருவராக எழுந்து தீர்ப்புச் சொன்னபோது, லாப்பிட் தகாலோக்கில் பேசிக் குற்றவாளி என்று வாக்களித்தார். 20 பேர் ஒருபுறம், 3 பேர் மறுபுறம். நாட்டு மக்கள் பெருவாரியாகப் பேசும் மொழியில் தன் காரணத்தைச் சொன்னவரை இழிவாகப் பார்ப்பது எனக்கு உடன்பாடில்லை. அவரிடம் கேட்க வேண்டிய கடுமையான கேள்விகள் மணல் கணக்கில் இருக்கின்றன; மொழியில் இல்லை.

கேள்வி (கோவையிலிருந்து ஒரு வாசகர்): பெர்னாண்டோ போ ஜூனியர் அதிபர் தேர்தலில் நின்றபோது லாப்பிட் அவரை ஆதரித்தாரா?

பதில்: இல்லை. 2004இல் லாப்பிட் முதன்முறையாகச் செனட்டுக்கு நின்றது, போவை எதிர்த்த அதிபர் குளோரியா அரோயோவின் அணியில். அரோயோவின் சொந்த மாகாணமும் பம்பாங்காதான். போ சுமார் 11 லட்சம் வாக்குகளில் தோற்றதாக அறிவிக்கப்பட்டது. அந்த டிசம்பர் 14 அன்று பக்கவாதத்தால் இறந்தார். அடுத்த ஆண்டு, தேர்தல் அதிகாரி ஒருவரோடு அரோயோ பேசியதாக ஒலிநாடா வெளியாகி, முடிவின்மீது மக்களுக்கு இருந்த ஐயம் வலுத்தது.

லாப்பிட் 2007இல் மகாத்தி நகர மேயருக்கும், 2016இல் ஏஞ்சலெஸ் நகர மேயருக்கும் நின்று தோற்றார். தொடர்ந்து மூன்றாம் முறை செனட்டராக அங்கே சட்டம் இடம் தராது என்பதால் 2016இல் அவர் செனட்டுக்கு நிற்க முடியவில்லை. 2019இல் அவர் செனட்டுக்குத் திரும்பியதற்கும், 2025இல் மீண்டும் வென்றதற்கும் பினுனோ, பிரிமோ வேடங்கள் துணைநின்றன என்பது எளிதில் விளங்கும். அந்த இரண்டு தொடர்களின் மூலக் கதைகளும் போ நடித்த படங்கள்: ஒன்று 1997, மற்றொன்று 1986. அன்று எதிரணியில் நின்றவருக்கு இரண்டாம் வாழ்வு கொடுத்தவை போவின் கதைகளே. இதை நினைக்கும்போது எனக்குச் சற்று மனம் கனக்கிறது.

கேள்வி (அதே வாசகர்): இன்றைய ஸ்டண்ட் நடிகர்களுக்கு அங்கே பாதுகாப்பு உண்டா?

பதில்: ஒரு மரணத்துக்குப் பிறகு சட்டம் வந்திருக்கிறது. 2019 ஜூன் மாதம் மணிலாவின் தொண்டோ பகுதியில் நடந்த படப்பிடிப்பில், 90 வயது மூத்த நடிகர் எட்டி கார்சியா துப்பாக்கியோடு நடந்துவரும் காட்சியில் தரையில் கிடந்த கேபிள் தடுக்கி விழுந்தார். கழுத்தெலும்பு முறிந்து, 20ஆம் தேதி இறந்தார். பாலத்திலிருந்து குதிக்கும் காட்சி அல்ல அது. சாதாரணமாக நடந்துவரும் காட்சி. 2024 மே மாதம் அவர் பெயராலேயே சட்டம் நிறைவேறியது. திரைப்படம், தொலைக்காட்சித் தொழிலாளர்களின் வேலை நேரத்துக்கு அது வரம்பு கட்டுகிறது: கூடுதல் நேரத்தையும் சேர்த்து நாளொன்றுக்கு 14 மணி. எழுத்துமூல ஒப்பந்தமும் பணியிடப் பாதுகாப்பும் கட்டாயம். முகம் காட்டாமல் விழுந்துகொண்டிருப்பவர்களுக்கும் அந்தச் சட்டம் பொருந்தும்.